நான்கு அட்டை உயரம்

1

இந்தக் கதை ஒரு 'ம்'மிலிருந்து பிறந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கதை எங்கிருந்து வந்தது என்று கேட்டால் எழுதுகிறவர்கள் மழை, ஜன்னல், ரயிலில் எதிரே உட்கார்ந்திருந்த ஒரு முகம் என்று ஏதாவது சொல்வார்கள். நானும் மேடையில் சொல்லியிருக்கிறேன். எல்லாம் பொய். இது போன சனிக்கிழமை, பகல் பதினொரு மணி வாக்கில், அக்கா வீட்டுச் சாப்பாட்டு மேசையில், அவள் கேட்ட ஒரு கேள்விக்கு நான் சொன்ன 'ம்'மிலிருந்து வந்தது.

'ம்' சொல்ல வாயைத் திறக்கக்கூட வேண்டாம். 'ஆமாம்' என்றால் பொய் சொன்ன கணக்கில் சேரும். 'ம்' என்றால் பிற்பாடு மாற்றிக்கொள்ளலாம் என்று ஒரு நப்பாசை. அந்த நப்பாசையோடு வீட்டுக்கு வந்து, சட்டையைக்கூடக் கழற்றாமல் கட்டிலில் உட்கார்ந்திருந்தேன்.

வரும் வெள்ளிக்கிழமைக்குள் அக்காவுக்கு ஒரு பக்கக் கடிதம் எழுதிக் கொடுக்க வேண்டும். அதை எழுத உட்கார்ந்தால் இது வந்துகொண்டிருக்கிறது.

இன்னொன்று. 'நான்' என்று எழுதக் கை கூசுகிறது. இனிமேல் 'தம்பி' என்று எழுதப்போகிறேன். தம்பி செய்தான், தம்பி சொன்னான் என்று எழுதினால் அவனை நாலு வார்த்தை திட்டலாம். என்னை நானே திட்டிக்கொள்ள எனக்கு வராது. திட்டுகிற மாதிரி ஆரம்பித்து, நைசாக என் பக்கத்து வக்கீலாகிவிடுவேன்.

2

முதல் தொடக்கம்: "மேகத்துக்கு மேலே தலை நீட்டியிருந்த அந்தச் சிகரத்தைப் பார்த்தபோது தம்பிக்கு —"

தம்பி எந்தச் சிகரத்தையும் நேரில் பார்த்ததில்லை. மூன்றாவது மாடி ஏறினாலே அவனுக்கு மூச்சு வாங்கும். வேண்டாம்.

இரண்டாம் தொடக்கம்: "கைத்திறமை மிக்கவள், ஆனால் சற்று மறதிக்காரியான ஒரு பெண் —"

மறதிக்காரி. பாருங்கள், முதல் வரி முடிவதற்குள் பழியை அவள் தலையில் இறக்கி வைத்தாகிவிட்டது. பழகின கை. வேண்டாம்.

மூன்றாம் தொடக்கம்: "அக்கா மலை செய்கிறவள்."

இதில் பொய் இல்லை. இதையே வைத்துக்கொள்கிறேன்.

3

அக்கா மலை செய்கிறவள். சரியாகச் சொன்னால், பதினொரு வருடத்துக்கு முன்னால் வரை செய்துகொண்டிருந்தவள். நில அமைப்புக் கண்காட்சிக் கூடம் ஒன்றில் தலைமை மாதிரி வடிவமைப்பாளர் என்று பதவி. பெயர்தான் நீளம். வேலை, முட்டிபோட்டு அட்டை ஒட்டுவது. முழு நாட்டையும் இருபதடி நீளத்தில், பதினாறடி அகலத்தில், கூடத்தின் நடுவே ஒரு மேடையின்மேல் செய்து வைக்கச் சொல்லியிருந்தார்கள். மூன்று வருட வேலை.

நாடு பெரியது. வடக்கே பனிமலைத் தொடர். மேற்கே, ஓரத்தைக் கத்தியால் நறுக்கிவிட்ட மாதிரி சட்டென்று சரியும் பீடபூமி. நடுவில் ஓர் ஆறு லட்சக்கணக்கான வருடமாக அறுத்து அறுத்து உண்டாக்கிய நீளமான பள்ளத்தாக்கு. உப்புப் படிந்து வெளுத்த தரை. காற்று தள்ளத் தள்ள இடம் மாறிக்கொண்டேயிருக்கும் மணற்குன்றுகள். கடலோரத்தில் இன்னும் புகை விடும் எரிமலை ஒன்று. தெற்கே, எந்தக் காலத்திலோ அணைந்துபோன எரிமலைகள் பதினேழு.

இவை எல்லாவற்றுக்கும் அரசாங்கப் பெயர் உண்டு. பட்டறையில் யாரும் அதைச் சொல்ல மாட்டார்கள். மிக உயர்ந்த சிகரத்துக்குப் பெயர் 'பெரியவர்'. பக்கத்தில் ஆறே ஆறு மீட்டர் குறைவாக நிற்பவர் 'சின்னவர்'. அந்த ஆறு மீட்டரால் பாடப் புத்தகத்தில் அவருக்கு ஒரு வரிகூடக் கிடைக்கவில்லை. ஆறு அறுத்த பள்ளத்தாக்கு 'கிழிசல்'. உப்புத் தரை 'வழுக்கை'. மணற்குன்றுகள் 'வாடகைக்காரர்கள்'. புகை விடும் எரிமலைக்கு 'மாமா' என்று பெயர், ஏனென்றால் அக்காவின் வீட்டுக்காரர் அப்போது சிகரெட் பிடிப்பார்.*

அணைந்த எரிமலைகளில் மிகப் பெரியது 'கொட்டாவி'. அதன் உச்சி உள்ளே இடிந்து விழுந்து, திறந்த வாய் திறந்தபடியே நின்றுவிட்டது. வாயின் அகலம் இருபது கிலோமீட்டர். அந்த வாய்க்குள்ளே, அடியில், ஓர் ஊர் இருக்கிறது. வயல், பள்ளிக்கூடம், பேருந்து நிலையம் எல்லாம் உண்டு.

மலை என்றதும் எனக்கு வாய் நீண்டுவிட்டது. மலைகளைப் பற்றி எத்தனை பக்கம் வேண்டுமானாலும் எழுதுவேன். அவை என்னை ஒன்றும் கேட்காது.

* மாமா சிகரெட்டை விட்டுவிட்டார். எரிமலை விடவில்லை. இந்த அடிக்குறிப்புக்கு வேறு நோக்கம் கிடையாது. அடுத்த பகுதியைத் தள்ளிப்போடுகிறேன், அவ்வளவுதான்.

4

வரைபடத்தில் ஒரே உயரத்தில் இருக்கிற இடங்களையெல்லாம் இணைத்து ஒரு கோடு போட்டிருப்பார்கள். நூறு மீட்டர் உயரத்துக்கு ஒரு கோடு. இந்தக் கோடுகளை ஒவ்வொன்றாக மெல்லிய தாளில் படியெடுக்க வேண்டும். தாளை அட்டையில் ஒட்டி, கோட்டின் வழியே வெட்ட வேண்டும். ஒரு கோட்டுக்கு ஓர் அட்டை. வெட்டியதை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் மலை படிக்கட்டு படிக்கட்டாக எழும். அதன்மேல் பிளாஸ்டர் கலவையைப் பூசித் தேய்த்தால் படி மறைந்து சரிவு வந்துவிடும். பிறகு வண்ணம்.

படியெடுக்கிற வேலை தம்பிக்கு. அவனுக்கு அப்போது இருபத்தாறு வயது. வேலை எதுவும் நிலைக்காமல் வீட்டில் உட்கார்ந்திருந்தவனை அக்காதான் கூடத்தின் தலைவரிடம் பேசிச் சேர்த்துவிட்டாள். "கோடு போடத்தான் சார், நல்லா பொறுமையா போடுவான்" என்று சொன்னாளாம். மலைபோல நம்பினாள்.

இந்த வேலையில் ஒரே ஒரு சூட்சுமம். வட்டமாக மூடிய கோட்டுக்குள் இன்னொரு மூடிய கோடு இருந்தால் அது மேடு. உள்ளே போகப்போக உயரம். ஆனால் பள்ளமும் காகிதத்தில் அப்படியேதான் தெரியும்: வட்டத்துக்குள் வட்டம். பள்ளம் என்று காட்ட, கோட்டின் உள்பக்கமாகச் சின்னச் சின்னக் கீற்றுகள் போட்டிருப்பார்கள். பட்டறையில் அதற்குப் பெயர் 'பல்'. பல் இருந்தால் பள்ளம், அடியை நோக்கி வெட்டு. பல் இல்லையென்றால் மேடு, மேலே அடுக்கு. கோட்டுக்குக் கோடு உயரம் எழுதியிருக்க மாட்டார்கள், ஐந்துக்கு ஒன்றில்தான் எண் இருக்கும். நடுவில் வருகிற நான்குக்கும் பல்லைத்தான் நம்ப வேண்டும்.

கொட்டாவியின் வாய்க்குள் நான்கு கோடுகள். நான்குக்கும் பல். எண்ணிப் பார்த்தால் எல்லாமாகச் சேர்ந்து ஒரு நூற்றைம்பது கீற்று இருக்கும். அரை மணி நேர வேலை.

அன்று பிற்பகல் தம்பி ஒரு சிறுகதைப் போட்டிக்குக் கதை எழுதிக்கொண்டிருந்தான். மாலை ஐந்து மணித் தபாலில் சேர்த்தாக வேண்டும். படியெடுக்கும் தாளுக்கு அடியில் கதைத்தாளை வைத்துக்கொண்டு இங்கே ஒரு கோடு, அங்கே ஒரு வரி என்று ஓட்டிக்கொண்டிருந்தான். நான்கு கோட்டையும் போட்டான். பல்லை அப்புறம் போட்டுக்கொள்ளலாம் என்று நினை—

"மறந்துவிட்டான்" என்று எழுதத்தான் கை போனது. அடித்துவிட்டேன். மறக்கவில்லை. போட வேண்டும் என்று தெரியும். எழுந்து தபால் நிலையத்துக்கு நடக்கும்போதும் தெரியும். காலையில் வந்து போட்டுக்கொள்ளலாம் என்று நினைத்தான். காலையில் தாள்கள் வெட்டும் மேசைக்குப் போயிருந்தன. கேட்டு வாங்கினால் ஏன் நேற்றே போடவில்லை என்று அக்கா கேட்பாள். அந்தக் கேள்விக்குப் பயந்து சும்மா இருந்துவிட்டான். அவ்வளவுதான். பெரிய வில்லத்தனம் எதுவும் இல்லை. அதுதான் வெட்கமாக இருக்கிறது.

அந்தக் கதைக்குப் பரிசும் கிடைக்கவில்லை.

5

இப்போது ஒரு லாரி ஓட்டுநர் வரப்போகிறார். இவர்மேல் எனக்கே சந்தேகம். கதையில் இப்படி ஒருவர் சரியான நேரத்துக்கு வந்து சரியான இடத்தில் நின்றால், எழுதுகிறவனுக்குச் சோம்பல் என்று அர்த்தம். வேறு யாரையாவது வைத்துப் பார்த்தேன். ஓர் ஆசிரியை, ஒரு பள்ளி மாணவி. எதுவும் ஒட்டவில்லை. என்ன செய்ய, அவர்தான் வந்தார். சரக்கு இறக்க நேரமிருந்ததால் எதிரே இருந்த கூடத்துக்குள் காற்றாட நுழைந்தார்.

திறப்பு விழா முடிந்து நான்காவது நாள். பள்ளிப் பிள்ளைகள் கூட்டம், நாளிதழ்க்காரர் ஒருவர், கூடத்தின் தலைவர், அக்கா, தம்பி. ஓட்டுநர் மேடையைச் சுற்றி வந்து தன் ஊரைத் தேடினார். தெற்குப் பக்கம் வந்ததும் நின்றார். கட்டைவிரல் அகலத்துக்கு, நான்கு அட்டை உயரத்துக்கு, உச்சியில் பழுப்பு வண்ணம் அடித்த ஒரு குன்று. அதன்மேல் ஊர் இருப்பதற்கு அடையாளமாக ஒரு சிவப்புப் புள்ளி.

"யாருங்க இத செஞ்சது?" என்று கேட்டார். கோபம் இல்லாத குரல்.

"நான்தாங்க" என்றாள் அக்கா. பாராட்டப் போகிறார் என்று நினைத்து முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். அதை நான் பார்த்தேன். (தம்பி பார்த்தான்.)

"எங்க ஊரும்மா இது. பதிமூணு வளைவு. பிரேக்க மிதிச்சுக்கிட்டே எறங்குற ஊரு. நீங்க தலைமேல தூக்கி வெச்சிருக்கீங்க."

பிள்ளைகள் சிரித்தார்கள். நாளிதழ்க்காரரும் சிரித்தார், பிறகு படம் எடுத்தார். அக்கா குனிந்து அந்தக் குன்றைப் பார்த்தாள். தம்பி அதைப் பார்க்க வேண்டிய அவசியமே இருக்கவில்லை. ஓட்டுநர் 'பிரேக்' என்று சொன்னபோதே அவனுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். குறுகுறுப்பு என்பது சின்னச் சொல். அவனுக்குக் கழிவறைக்கு ஓட வேண்டும்போல இருந்தது, ஓடினான்.

திரும்பி வந்தபோது தலைவரின் அறைக் கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே அக்காவின் குரல்.

"கடைசியா எல்லாத்தையும் பாத்து அடுக்கறது நான் சார். வேற யாரையும் சொல்ல முடியாது. பல்ல பாக்காம விட்டிருக்கேன்."

தாளை எடுத்துக் காட்ட வழியில்லை. ஒட்டி, வெட்டி, மலைக்குள்ளே போய்ப் பிளாஸ்டருக்கு அடியில் புதைந்துவிட்டது. சாட்சி சொல்ல ஒரே ஒரு ஆள்தான் இருந்தான். அவன் கதவுக்கு வெளியே நின்று, உள்ளே போகலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தான். யோசித்து முடிப்பதற்குள் அக்கா வெளியே வந்துவிட்டாள்.

6

மறுநாள் நாளிதழில் படம் வந்தது. ஒரு வாரம் ஊரே சிரித்தது. தலைவர் அவளிடம், "சரி பண்ணிக் குடுத்துட்டு நீங்க கெளம்பலாம்மா" என்றார்.

மேடையின் குறுக்கே ஒரு பலகை போட்டு, அதன்மேல் மண்டியிட்டு, அக்கா தன் கையாலேயே அந்தக் குன்றைச் செதுக்கி எடுத்தாள். தம்பி பலகை ஆடாமல் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவள் முட்டிக்குக் கீழே கிழிசல், இடப்பக்கம் வழுக்கை. உளி தட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. ஒரு மணி நேரத்தில் குன்று பள்ளமாகிவிட்டது. வண்ணமும் அடித்தாள். சிவப்புப் புள்ளியை அடியில் வைத்தாள்.

"பெரியவருக்கு மட்டும் எழுபத்தஞ்சு அட்டை அடுக்கினேன்டா" என்றாள், எழுந்திருக்காமலே. "ஒண்ணு பிசகல. ஒரு பள்ளத்த பாக்கத் தெரியல எனக்கு."

அப்போது சொல்லியிருக்கலாம். பலகையை விட்டால் அவள் விழுந்துவிடுவாள், அதனால்தான் பேசவில்லை என்று பல வருடம் எனக்கு நானே—

தம்பி தனக்குத் தானே சொல்லிக்கொண்டிருந்தான். பலகையைப் பிடித்துக்கொண்டே பேசலாம். வாயால்தானே பேச வேண்டும்.

7

இந்தப் பகுதியை எழுதாமல் தாண்டிவிட முடியுமா என்று இரண்டு நாள் பார்த்தேன். முடியவில்லை.

ஒரு வருடம் கழித்துத் தம்பி ஒரு நகைச்சுவைக் கதை எழுதினான். பள்ளத்தை மலையாகச் செய்துவிட்ட ஒரு தூங்குமூஞ்சி அக்காவின் கதை. அதில் அவளுக்குச் சோடாபுட்டிக் கண்ணாடி. லாரி ஓட்டுநருக்குப் பதில் ஓர் அமைச்சர். அமைச்சர் தன் சொந்த ஊர் மலைமேல் ஏறிவிட்டதாக நினைத்துப் பள்ளத்தில் விழுகிறார். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். உங்களில் சிலர் படித்திருப்பீர்கள். என்னைத் தெரிந்திருந்தால் அந்தக் கதையால்தான் தெரிந்திருக்கும். பழி ஓரிடம், பாவம் ஓரிடம். இதில் புகழ் வேறு மூன்றாவதாக ஓரிடம் வந்து சேர்ந்தது.

அக்கா அந்தக் கதை வந்த புத்தகத்தில் பத்துப் பிரதி வாங்கி உறவுக்காரர்களுக்கெல்லாம் கொடுத்தாள். "எந்தம்பி எழுதினது. அந்தத் தூங்குமூஞ்சி நான்தான்" என்று சிரித்துக்கொண்டே கொடுத்தாள். தனக்கென்று வைத்துக்கொண்ட பிரதியில் கையெழுத்தும் கேட்டாள். 'அன்பு அக்காவுக்கு' என்று போட்டுக் கொடுத்தேன்.

(இங்கே 'தம்பி' என்று போட மறந்துவிட்டேன். இருக்கட்டும்.)

அதற்குப் பிறகு அக்கா வீடுகளுக்குக் கூரைப் பூ வேலை செய்யப் போனாள். விளக்கு தொங்குகிற இடத்தைச் சுற்றி உட்கூரையில் பிளாஸ்டர் பூ, கொடி, விளிம்புப் பட்டை. நன்றாகச் செய்கிறாள். ஆனால் வேலை முடிந்ததும் ஒவ்வோர் இதழையும் விரலால் தொட்டு எண்ணுவாள். வீட்டைப் பூட்டினால் மூன்று தடவை இழுத்துப் பார்ப்பாள். "பூட்டு தேஞ்சிரும்மா" என்று மாமா கேலி செய்வார். "என் கண்ண நம்ப முடியாதுங்க" என்பாள் சாதாரணமாக. காய்கறி விலை சொல்கிற குரலில்.*

* கண்காட்சிக் கூட மேடைகளில் மலைகளின் உயரத்தை எட்டு மடங்காக்கித்தான் செய்வார்கள். உள்ளபடி செய்தால் பெரியவர்கூட ஒரு விரற்கடை வர மாட்டார். நாடே தட்டையாகத் தெரியும், பார்க்க வந்தவர்கள் கோபித்துக்கொள்வார்கள். என் வெட்கத்தையும் நான் எட்டு மடங்காக்கிச் சொல்கிறேனோ என்று உங்களுக்குத் தோன்றலாம். எனக்கும் தோன்றியது. அக்கா பூட்டை இழுத்துப் பார்ப்பது உள்ளபடியான அளவு. அதற்கு மடங்கு போடவில்லை.

8

சனிக்கிழமை. கூடத்துக்குப் புதிய தலைவர் வந்திருக்கிறார், ஒரு பெண். பழைய மேடை விரிசல் விட்டுவிட்டது, முழு நாட்டையும் புதிதாகச் செய்ய வேண்டும். அந்தக் கைவேலை தெரிந்தவர் வேறு யாரும் இல்லை என்று அக்காவைக் கூப்பிட்டிருக்கிறார். ஆனால் கோப்பில் பழைய குறிப்பு கிடக்கிறது. அந்தத் தவறு எப்படி நடந்தது என்று வெள்ளிக்கிழமைக்குள் எழுத்தில் ஒரு விளக்கம் வேண்டுமாம்.

"நீதான் எழுத்துக்காரனாச்சே. அழகா எழுதிக் குடு" என்றாள் அக்கா. "என் கவனக்குறைவுன்னு எழுது. கெஞ்ச வேணாம், ஆனா பணிவா இருக்கட்டும். அப்புறம், தலைமைப் பொறுப்பு எனக்கு வேணாம். எனக்கு மேல யாராவது ஒருத்தர் சரிபாக்கட்டும், நான் அட்டை மட்டும் அடுக்கறேன்னு எழுது."

"ஏன்க்கா அப்படி?"

"மறுபடியும் ஒரு ஊர தூக்கி மேல வெச்சுட்டேன்னா?" சிரித்தாள். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. மேசைவிரிப்பின் ஓரத்தை நேராக்கிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்:

"நீ பல்லு போட்டிருந்தேல்லடா?"

பதினொரு வருடத்தில் அவள் கேட்ட முதல் தடவை. அந்தக் கேள்வியில் சந்தேகம் இல்லை. தனக்கு எதிராக இன்னும் ஒரு சாட்சியைத் தேடினாள், அவ்வளவுதான்.

"ம்" என்றான் தம்பி.

"அதான் நெனச்சேன்" என்றாள் அக்கா. "நீ போட்டிருப்ப. நான்தான் பாக்கல." எழுந்து போய் அவனுக்கு இன்னொரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். அவன் குடித்தான்.

9

வியாழக்கிழமை வரை வந்தாகிவிட்டது. கடிதத்தைப் பணிவாக, அழகாக எழுதி முடித்துவிட்டேன். 'எனது கவனக்குறைவினால் நேர்ந்த' என்று தொடங்குகிறது. 'எனது' என்றால் அக்காவினது. கதைக்குத்தான் முடிவு இல்லை. மூன்று முடிவு வைத்திருக்கிறேன்.

முதல் முடிவு: தம்பி சொல்கிறான். அக்கா அவனைக் கட்டிக்கொண்டு அழுகிறாள், மன்னித்துவிடுகிறாள். தம்பியும் அழுகிறான். இதை எழுதும்போது எனக்கே கண் கலங்கிவிட்டது. அதனாலேயே நம்பக்கூடாது என்று புரிந்தது. தப்பு செய்தவன் கடைசிப் பத்தியில் அழுது பெயர் வாங்கிக்கொள்கிற கதை அது.

இரண்டாம் முடிவு: தம்பி சொல்கிறான். அக்கா பளாரென்று அறைகிறாள். இதிலும் எனக்கு ஆதாயம் இருக்கிறது. அறை வாங்கினால் கணக்குத் தீர்ந்தது என்று எழுந்து போய்விடலாம்.

மூன்றாம் முடிவு: "எனக்கு அப்பவே தெரியும்டா" என்கிறாள் அக்கா. எனக்கு ரொம்பப் பிடித்தது இதுதான். இத்தனை நாள் தெரிந்தே பொறுத்திருக்கிறாள், பெருந்தன்மைக்காரி. நான் வாய் திறக்க வேண்டிய வேலையும் மிச்சம். வாசகர்களுக்கும் பிடிக்கும். ஆனால் அவளுக்குத் தெரியாது. சனிக்கிழமை அவள் விரிப்பை நேராக்கிய கையைப் பார்த்தேன். பதினொரு வருடமாக அந்தக் கையை அவள் நம்பவில்லை, அதற்கு நான்தான் காரணம் என்பது அவளுக்குத் தெரியாது.

மூன்றையும் அடித்துவிட்டேன். மூன்றிலும் பள்ளத்தை மேடாக்கியிருக்கிறேன். இந்தத் தொழிலை நான் விடவேயில்லை போலிருக்கிறது.

10

வெள்ளிக்கிழமை. தம்பி சட்டைப் பையில் கடிதம், தோள்பையில் மேலே உள்ள ஒன்பது பகுதிகள். இரண்டில் எதை எடுக்கப்போகிறான் என்று அவனுக்கே தெரியாது.

அக்கா ஒரு பெரிய வீட்டின் முன்னறையில் வேலை செய்துகொண்டிருந்தாள். இரண்டு முக்காலிக்கு நடுவே போட்ட பலகைமேல் நின்றிருந்தாள். தலைக்கு மேலே எட்டு இதழ்ப் பூ, அதில் ஆறு முடிந்திருந்தது. காலடியில் ரப்பர்ச் சட்டியில் அப்போதுதான் கரைத்த கலவை.

"கொண்டாந்தியா? படி, கேப்போம்" என்றாள். "கையெல்லாம் கலவை. சீக்கிரம் படி, பத்து நிமிஷத்துல இறுகிரும்."

தம்பியின் கை சட்டைப் பைக்குத்தான் போனது. கடிதத்தை விரித்துப் படித்தான். குரல் நன்றாகவே வந்தது, மேடையில் படித்துப் பழகிய குரல். 'எனது கவனக்குறைவினால் நேர்ந்த.' அக்கா கேட்டுக்கொண்டே ஏழாவது இதழுக்குக் கலவையை அள்ளினாள். பாதியில் நிறுத்தினாள்.

"இரு, இரு. அதுல ஒரு வரி சேத்துக்க. 'படியெடுத்த தாளில் பல் தெளிவாக இருந்தும்'னு போடு."

"எதுக்குக்கா?"

"எதுக்கா? இல்லேன்னா, தாள் போட்டது யாரு, அவன் ஒழுங்கா போட்டானான்னு கேப்பாங்க. புதுசா வந்தவங்க, உன்னைத் தெரியாது. உம்மேல ஒரு சந்தேகம் வரக்கூடாது. நாலு பேருக்குத் தெரிஞ்ச பேரு உன்னுது."

கையில் கலவை வழிய, கழுத்தை வளைத்து, அவள் என்னைப் பார்த்தாள். எழுதிக்கொள்கிறேனா என்று பார்த்தாள்.

தம்பி என்று இனிமேல் எழுத முடியாது.

"போடலக்கா" என்றேன்.

"என்ன போடல? இப்ப போடு, பேனா இல்லையா?"

"பல்லு. நான் பல்லு போடல. நாலு கோட்டுக்கும். தாள்ல பல்லே இல்ல. நீ சரியாத்தான் அடுக்கின."



பிறகு அவள் என்ன சொன்னாள், என்ன செய்தாள் என்பதை நான் எழுதப்போவதில்லை. எழுதத் தெரியாமல் இல்லை. முகம், கை, பலகை, சொன்ன சொல், சொல்லாத சொல் எல்லாம் நினைவில் இருக்கின்றன; எடுத்து வைத்தால் நல்ல முடிவாகவே அமையும். ஒரு தடவை அவளுடையதை எடுத்து எழுதி, அதில் எனக்குப் பெயர் வாங்கிக்கொண்டேன். இதுவாவது அவளிடம் இருக்கட்டும். உங்களுக்கு முடிவு வேண்டுமென்றால் உங்களுக்கும் ஓர் அக்காவோ அண்ணனோ இருப்பார்கள், அவர்களை வைத்து நினைத்துப் பாருங்கள். மடங்கு மட்டும் போடாதீர்கள்.

எனக்குச் சொந்தமானதை மட்டும் சொல்கிறேன். கூடத்து அலுவலகத்தில் அன்று மூன்றரை மணிக்கு ஒரு கடிதம் கொடுக்கப்பட்டது. ஐந்து வரி. அழகாக இல்லை. கீழே என் கையெழுத்து.

சட்டியிலிருந்த கலவை முழுக்க இறுகிப்போய்விட்டது. அதை ஓர் ஓரமாக உட்கார்ந்து சுரண்டிக் கழுவி வைத்தேன். பூவில் இன்னும் இரண்டு இதழ் பாக்கி இருந்தது.